டிமீட்டருக்குக் கண் திறந்த காலை

சைப்ரஸ் தீவில் நான் வேலைபார்த்த வீட்டில் கூடத்து அலமாரியைத் துடைப்பது காலை வேலைகளில் ஒன்று. அதில் முழங்கை உயரத்துக்கு ஒரு வெள்ளைச் சிலை இருந்தது. தலையில் முக்காடு, கையில் கதிர்க்கட்டு. கண் இருந்த இடத்தில் வெறும் வெள்ளை. முதல் நாள் அதைக் கையில் எடுத்தவள் கொஞ்ச நேரம் அப்படியே நின்றுவிட்டேன். சக்கர நாற்காலியில் இருந்த வீட்டம்மா, "அது டிமீட்டர். எங்கள் பழைய சாமி. உனக்குத் தெரியாது" என்று தமக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னார். எனக்கு அவளைத் தெரியும். ஏழு வயதில் தினம் இரண்டு வேளை அவளைக் குளிப்பாட்டியிருக்கிறேன். அதைச் சொல்ல அப்போது எனக்கு ஆங்கிலம் போதவில்லை. தலையை ஆட்டிவிட்டுத் துடைத்து வைத்தேன்.

நான் ஓரிடத்தில் ஒட்டாதவள். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கும் எனக்கும் கணக்குத் தீர்ந்தது. திருப்பூரில் பனியன் கம்பெனி, சென்னையில் ஆஸ்பத்திரி கூட்டுகிற வேலை, மஸ்கட்டில் ஒரு வீடு, பிறகு சைப்ரஸ். ஒரு வேலை பழகி, அந்த ஊர்க் கடைக்காரர் முகம் பார்த்துச் சிரிக்கத் தொடங்கினால் எனக்குக் கால் அரிக்கும். ஆனாலும் யாராவது சொந்த ஊர் எது என்று கேட்டால் யோசிக்காமல் மானகிரி என்று சொல்லிவிடுவேன்.

காரைக்குடிக்கு வெளியே மானகிரியில் சாலையோரம் சித்தப்பாவின் கொட்டகை இருந்தது. அப்பாவும் சித்தப்பாவும் சுதை வேலைக்காரர்கள். கம்பி கட்டி, செங்கல் அடுக்கி, சிமெண்டு பூசி உருவம் எடுப்பார்கள். கோபுரத்துப் பொம்மைகள், ஊர் எல்லைக்கு ஐயனார், அவருக்குக் குதிரை, கருப்பர், பேச்சியம்மன். எனக்கு மூன்று வயதாக இருந்தபோது அப்பா ஒரு கோபுரத்துச் சாரத்திலிருந்து விழுந்து இறந்துபோனார். அடுத்த வருடம் அம்மா குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போனாள். என்னைச் சித்தப்பாவும் சித்தியும் வைத்துக்கொண்டார்கள். அந்தப் பக்கத்தில் பல வீடுகளில் இப்படித்தான் இருந்தது. அதனால் எனக்கு இதில் பெரிய துக்கம் இருந்ததாக ஞாபகம் இல்லை. வெள்ளிக்கிழமை மதியம் போன் வரும். அதில் இருக்கிற குரல்தான் அம்மா. சுவரில் ஒரு போட்டோ இருந்தது. அதில் இருக்கிற முகம்தான் அம்மா. குரலும் முகமும் ஒரே ஆளுக்குச் சொந்தமானவை என்பதை மற்றவர்கள் சொல்ல நான் ஒத்துக்கொண்டிருந்தேன், அவ்வளவுதான்.

ஏழாவது வயதில் அந்த ஆர்டர் வந்தது. மலேசியாவில் கடை வைத்திருந்துவிட்டு வலையபட்டிக்குத் திரும்பிய ஒருவர், சாலையோரத்தில் ஒரு கல்யாண மண்டபம் கட்டிக்கொண்டிருந்தார். மண்டபத்துக்கு முன்னால் புல்வெளி, நடுவில் நீரூற்று. மலேசியாவில் ஏதோ ஒரு பெரிய ஹோட்டலில் பார்த்த மாதிரி நான்கு சிலைகள் வேண்டும் என்று, தாம் எடுத்த போட்டோக்களைப் பெரிதாக்கிக் கொண்டுவந்தார்.

"கிரேக்க சாமிகப்பா. நம்ம சாமி மாதிரியேதான். ஆளுக்கு ஒரு வேலை இருக்கு."

"யாருக்கு என்ன வேலைன்னு சொல்லுங்க மொதலாளி. அதுக்கேத்த மாதிரி மொகம் வைக்கணும்ல" என்றார் சித்தப்பா.

முதலாளி ஒவ்வொரு படமாகக் காட்டினார். கையில் முக்கவர்ச் சூலம் வைத்த தாடிக்காரர் பொசைடன், கடலுக்கு அதிபதி. சூலத்தைப் பார்த்ததும் சித்தப்பாவுக்கு அவரைப் பிடித்துவிட்டது. அடுத்து தலையில் தொப்பி மாதிரி கவசமும் தோளில் ஆந்தையுமாக ஒருத்தி, ஏதெனா. படிப்புக்கும் சண்டைக்கும் அவள்தான் என்றார். கொட்டகை ஓரத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்த சித்திக்கு அதற்கு மேல் பொறுக்கவில்லை.

"படிப்புக்கு ஆந்தையா? ஆந்தையக் கொண்டாந்து வாசல்ல ஒக்கார வச்சா எவ இந்த வீட்டுக்குத் தண்ணி குடிக்க வருவா?"

"அது அவுக ஊரு வழக்கம்த்தா" என்றார் முதலாளி.

"அவுக ஊர்லயே வச்சுக்கிட வேண்டியதுதானே."

மூன்றாவது படத்தில் றெக்கை முளைத்த ஒரு பையன் வில்லோடு அம்மணமாக நின்றான். ஈராஸ், நம் மன்மதன் மாதிரி என்றார் முதலாளி. மன்மதன் இம்புட்டுச் சின்னப் பயலா என்று சித்தப்பா சந்தேகப்பட்டார். அவனுக்குக் கோவணம் கட்டித்தான் செய்வேன், பிள்ளைகள் வந்துபோகிற மண்டபம் என்றும் சொல்லிவிட்டார். நான்காவது படம் மிகவும் மங்கல். முக்காடு போட்ட ஒருத்தி கையில் கதிர்க்கட்டோடு நிற்பது மட்டும் தெரிந்தது. வெள்ளாமைக்கு அதிபதி, டிமீட்டர் என்றார். அந்தப் பெயர் எங்கள் வீட்டில் ஒருவர் வாயிலும் நுழையவில்லை. அன்றிலிருந்து அவள் கதிரம்மா.

நான்கு படங்களையும் பலகையில் பரப்பி வைத்துச் சித்தப்பா வெகுநேரம் பார்த்தார்.

"மொதலாளி, ஒருத்தருக்கும் கண்ணு தொறக்காம விட்டிருக்காகளே."

"வெள்ளைக்காரன் ஊர்ல செலைன்னா அப்படித்தாம்ப்பா. கண்ணு வெறுமனே இருக்கும். அதான் அழகு. நீயும் அப்படியே விட்டுரு."

"நல்லாக் கேட்டுக்கங்க. கண்ணத் தொறக்கலைன்னா பொம்மை. தொறந்துட்டா சாமி. ஒங்களுக்கு எது வேணும்?"

"கல்யாணத்துக்கு வாரவுக பக்கத்துல நின்னு போட்டோ எடுக்கணும்யா. சாமி எதுக்கு?"

சித்தப்பாவுக்கு அது நிம்மதியாகப் போயிற்று. சாமி செய்கிற காலத்தில் அவர் விரதம். கறி கிடையாது, செருப்பு கிடையாது, சித்தியோடு சண்டையும் கிடையாது. பொம்மைக்கு அதெல்லாம் தேவையில்லை. அன்று சாயங்காலமே கறி எடுத்துவந்தார், சாப்பிடும்போதே சண்டையும் போட்டார். அந்தக் காலத்துக் கிரேக்கர்கள் தங்கள் சிலைகளுக்கு வண்ணத்தில் கண் எழுதித்தான் வைத்திருந்தார்கள், வெயிலிலும் மழையிலும் சாயம் போய்விட்டது என்று சைப்ரஸ் வீட்டம்மா பின்னால் ஒருநாள் எனக்குச் சொன்னார். மானகிரியில் அது யாருக்குத் தெரியும்.

கடல்சாமி முதலில் எழுந்தார். தாடி படத்தில் உள்ளபடி வந்தது, ஆனால் மீசையில் சித்தப்பாவின் கை பழக்கத்துக்கு ஓடி முறுக்கிவிட்டது. இப்போது அந்த மண்டபத்துக்குப் போனால் அவர் சூலத்தின் மூன்று முனையிலும் எலுமிச்சம்பழம் குத்தியிருப்பதைப் பார்க்கலாம். யார் குத்துகிறார்கள் என்று முதலாளிக்கே தெரியாது. ஆந்தைக்காரிக்கு மூக்குத்தி வைக்க இடம் விட்டுவிட்டு, பிறகு ஞாபகம் வந்து அடைத்தார். றெக்கைப் பையன் கோவணத்தோடு நின்றான்.

கதிரம்மாவின் உடம்பும் முக்காடும் முடிந்து, முகம் மட்டும் இல்லாமல் சில நாள் நின்றாள். படத்தில் முகம் இருந்த இடம் கட்டைவிரலால் தேய்த்தது போல இருந்ததால் சித்தப்பாவுக்குப் பிடி கிடைக்கவில்லை. வருவார், பார்ப்பார், பீடி பற்றவைத்துக்கொண்டு போய்விடுவார். பிறகு ஒருநாள் மதியம் சாப்பிட்ட கையோடு உட்கார்ந்து ஒரே மூச்சில் வேலையை முடித்திருக்கிறார். நான் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது கொட்டகையில் அம்மா நின்றுகொண்டிருந்தாள்.

நிறைந்த கன்னம். சின்ன மூக்கு. இடது புருவத்துக்கு மேல் ஒரு வெட்டுத் தழும்பு. சிறு வயதில் அம்மியில் விழுந்த தழும்பு என்று சித்தி சொல்லியிருக்கிறாள். சுவரில் மாட்டிய போட்டோவை உரித்து எடுத்துப் பெரிதாக்கி நிறுத்தியது போல இருந்தது.

சித்தியும் வந்து பார்த்தாள். "ஏங்க, இது அக்கா மொகமுல்ல."

சித்தப்பா நாலு எட்டுப் பின்னால் போய் நின்று பார்த்தார். அவருக்கே அப்போதுதான் தெரிந்தது போலிருந்தது. "ஆமால்ல. கை தானாப் போயிருச்சு."

"எம் மொகத்துக்குக் கை போனா மட்டும் பேச்சியம்மன். பல்லும் நாக்கும். அக்காளுக்குன்னா கதிரும் முக்காடுமாக்கும்."

"பேச்சிக்கு என்ன கொறச்சல்? ஊரே விழுந்து கும்புடுதுல்ல."

"கும்புடுது. அந்தப் பக்கமாப் போன பிள்ளைக எல்லாம் பயந்து காய்ச்சல்ல கெடக்குதுக."

சிமெண்டு வேலை முடிந்தால் சிலையைச் சாக்குப் போட்டு மூடி, காலையும் மாலையும் தண்ணீர் ஊற்றி ஈரம் காயாமல் வைத்திருக்க வேண்டும். இல்லையென்றால் வெடித்துவிடும். அதுவரை சித்தி செய்துவந்த வேலையை நான் பிடுங்கிக்கொண்டேன். மற்ற மூன்று பேருக்கும் கடமைக்கு ஆளுக்கொரு குடம். கதிரம்மாவுக்கு மட்டும் ஸ்டூல் போட்டு ஏறி, தலையிலிருந்து மெதுவாக ஊற்றி, தோளைத் தேய்த்து, கடைசியில் என் பாவாடை நுனியால் முகத்தைத் துடைப்பேன். மதியச் சாப்பாட்டுத் தட்டை எடுத்துக்கொண்டு போய் அவள் காலடியில் உட்கார்ந்து சாப்பிடுவேன். பள்ளிக்கூடத்தில் நடந்ததெல்லாம் அவளிடம் போயிற்று. போனில் குரல் கேட்டால், சாப்பிட்டேன், படிக்கிறேன் என்று இரண்டு வார்த்தை சொல்லிவிட்டு ஓடிவிடுவேன். அம்மாவே கொட்டகையில் இருக்கும்போது போனில் பேச என்ன இருக்கிறது.

முதலாளி ஒருமுறை வேலையைப் பார்க்க வந்தபோது கதிரம்மாவின் கதையைச் சொன்னார். ஹோட்டலில் சிலைக்குக் கீழே எழுதியிருந்ததைப் படித்திருந்தாராம்.

"இவுகளுக்கு ஒத்த மக. பூப் பறிச்சுக்கிட்டு இருந்த புள்ளைய, பாதாள லோகத்து ராசா தூக்கிட்டுப் போயிட்டான். இவுக சாப்பாடு தண்ணி இல்லாம ஊரு ஊராத் தேடுனாக. இவுக அழுத அழுகைல நாட்டுல ஒரு பயிர் மொளைக்கல. அப்பறம் பஞ்சாயத்துப் பேசி, மக பாதி வருசம் ஆத்தாகிட்ட, பாதி வருசம் பாதாளத்துலன்னு ஆச்சு. மக வந்தா வெளையும். போனா காஞ்சுரும்."

"நம்ம கண்மாயும் ரெண்டு வருசமாக் காஞ்சுதான் கெடக்கு" என்றார் சித்தப்பா. "எவளோ தேடிக்கிட்டுத்தான் இருக்கா போல."

இருவரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. கதிரம்மா மகளைத் தேடுகிறாள் என்பது எனக்குப் புதுச் செய்தி. நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்த்தேன். இரண்டு கண்ணிலும் வெறும் சாந்து. நான் அவள் காலடியிலேயே உட்கார்ந்து சோறு தின்றுகொண்டிருக்கிறேன், அவளுக்கு அது தெரியாது. முதலாளியிடம் கேட்டேன், கண்ணு இல்லாம எப்படித் தேடுவாக என்று. அவர் என் தலையைத் தட்டிவிட்டுக் காரில் ஏறிப் போய்விட்டார்.

அந்த வெள்ளிக்கிழமை போனில், "அம்மா, ஒனக்கு இன்னும் கண்ணு வைக்கல" என்றேன். சித்தி போனைப் பிடுங்கி, "அது ஒண்ணுமில்லக்கா, ஒங்க கொழுந்தனாரு பண்ணுன கூத்து" என்று வெகுநேரம் விளக்கினாள். அதன் பிறகு நான் தினமும் சித்தப்பாவைப் பிடுங்கத் தொடங்கினேன். அம்மாவுக்குக் கண் திறக்க வேண்டும். மண்டபத்துக்குப் போவதற்குள் திறக்க வேண்டும். அவள் என்னைப் பார்த்துவிட்டுத்தான் போக வேண்டும். சித்தப்பா முதலில் சிரித்தார், பிறகு அதட்டினார், கடைசியில் நான் வருவதைக் கண்டாலே சைக்கிளை எடுத்தார்.

முழுப் பரீட்சை லீவில் அம்மா வந்தாள். மூன்று வருடத்தில் முதல் முறை. சித்தப்பா திருச்சிக்கு வேன் கொண்டுபோய்க் கூட்டிவந்தார். வேனிலிருந்து இறங்கியவளை நான் வாசல் தூணைப் பிடித்துக்கொண்டு பார்த்தேன். கன்னம் ஒட்டி, எலும்பு தெரிந்தது. அந்த ஊர்த் தண்ணீரில் முடி கொட்டிப்போனதால் கழுத்தோடு வெட்டியிருந்தாள். கை விரல்கள் பாத்திரம் கழுவிக் கழுவி வெளுத்து, நகம் கரைந்திருந்தது. அவளிடமிருந்து எங்கள் வீட்டில் இல்லாத சோப்பு வாசனை வந்தது. மண்ணில் மண்டியிட்டு இரண்டு கையையும் நீட்டினாள்.

நான் கொட்டகைக்கு ஓடிப்போய்க் கதிரம்மாவின் பின்னால் ஒளிந்துகொண்டேன். சித்தி வந்து இழுத்தபோது சிலையின் காலைக் கட்டிக்கொண்டு, "எங்கம்மா இங்குட்டு இருக்காக. அவுக யாரு?" என்று கத்தினேன்.

சித்தி தலையில் அடித்துக்கொண்டாள். அம்மா அதற்குள் கொட்டகை வாசலுக்கு வந்துவிட்டாள். சிலையைப் பார்த்தாள். அண்ணாந்து, பக்கவாட்டில் போய், மறுபடி முன்னால் வந்து பார்த்தாள். புருவத்துத் தழும்பைத் தொட்டு, பிறகு தன் புருவத்தையும் தொட்டுக்கொண்டாள்.

"நான் இம்புட்டுச் சதையாவா இருந்தேன்?"

"போகும்போது இருந்தீக மதினி" என்றார் சித்தப்பா.

அவள் என்னை இழுக்கவில்லை. கெஞ்சவும் இல்லை. கொண்டுவந்த சாக்லேட்டைக் காட்டி ஆசை காட்டவும் இல்லை. முந்தானையைச் செருகிக்கொண்டு, மூலையில் இருந்த குடத்தை எடுத்தாள்.

"தண்ணி ஊத்தணும்ல? தலையிலயா, கால்லயா?"

"தலையிலேருந்து" என்றேன் கால் மறைவிலிருந்து. "மெதுவா ஊத்தணும். கண்ணுல படக் கூடாது."

"கண்ணுதான் இல்லையே."

"அதத்தான் நானும் சொல்லிக்கிட்டு இருக்கேன்."

அன்று அவளும் நானுமாகக் கதிரம்மாவைக் குளிப்பாட்டினோம். அவள் ஊற்ற, நான் தேய்த்தேன். மறுநாளும் அப்படியே. மதியம் அவளும் தட்டை எடுத்துக்கொண்டு வந்து சிலையின் இன்னொரு காலடியில் உட்கார்ந்தாள். நடுவில் கதிரம்மா, இரண்டு பக்கமும் நாங்கள். நான் கதிரம்மாவிடம் சொல்கிற கதைகளை அவள் கேட்டுக்கொண்டிருப்பாள். இடையில் ஏதாவது கேட்டால் பதில் சொல்வேன். இரண்டு மூன்று நாளில் தலை பின்னிவிட அனுமதித்தேன். அவள் வேகமாகப் பின்னுவாள், வலிக்காது. ஒருநாள் மதியம் விழித்துப் பார்த்தபோது என் தலை அவள் மடியில் இருந்தது. நான் எடுக்கவில்லை. ஆனாலும் அம்மா என்று கூப்பிடவில்லை. "வந்தவுக" என்றே சொல்லிக்கொண்டிருந்தேன். ஒருதரம் அவள் காதில் விழவே, "வந்தவுகளுக்கு ஒரு வாய் ஊட்டிவிடு" என்று வாயைத் திறந்து காட்டினாள். ஊட்டிவிட்டேன்.

அவளுக்குக் கிடைத்தது ஒரு மாத லீவு. வீட்டில் எல்லோருக்கும் அது தெரியும். எனக்கு அம்மா வந்தாச்சு என்று மட்டும் சொல்லியிருந்தார்கள்.

சிலைகளை ஏற்ற வேன் வருவதற்கு முந்தின நாள் நான் சாப்பிட மறுத்தேன். கதிரம்மாவின் காலைக் கட்டிக்கொண்டு காலையிலிருந்து உட்கார்ந்துவிட்டேன். சித்தப்பா மிரட்டினார். சித்தி விளக்குமாற்றை எடுத்தாள். அம்மா வந்து என் பக்கத்தில் குத்துக்காலிட்டாள்.

"ஏத்தா, இவுகளுக்குக் கண்ணு தொறந்தா என்னா செய்வாக?"

"என்னையப் பாப்பாக. தேட மாட்டாக."

அவள் என் தலையைத் தடவினாள். பிறகு எழுந்து சித்தப்பாவிடம் போனாள்.

"தொறந்து விடுங்க தம்பி."

"நீங்களுமா மதினி? இது வெளையாட்டில்ல. தொறந்துட்டா தினம் வெளக்கு வைக்கணும். எடுத்துட்டுப் போயி நடுத் தோட்டத்துல நிறுத்திட்டு, எவனாவது மேல காப்பிக் கப்ப வீசுனா யாருக்குப் பாவம்? யாரு கவனிச்சுக்கிடுவா? நீங்க இங்க இருக்கிறதா இருந்தா..." என்றவர் என்னைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டார்.

"நான் வைக்கிறேன்" என்றாள் சித்தி. எல்லோரும் திரும்பிப் பார்த்தோம். "மண்டபத்துல கூட்டிப் பெருக்க ஆளு கேட்டாகல்ல. நான் போறேன். போற எடத்துல ஒரு அகல் வைக்கிறதுக்கு என்ன?"

"மொதலாளி பாத்தா?"

"அதுக்கு மேல ஒரு பூச்சுச் சுண்ணாம்பு இழுத்து விடுங்க. உள்ள முழிச்சிக்கிட்டு இருக்கட்டும். அவருக்கு என்னா தெரியப் போகுது."

சித்தப்பா பீடியைத் தூர எறிந்தார். அதற்கு அர்த்தம் அன்று இரவிலிருந்து விரதம் என்பது. அம்மா அவரிடம் ஒன்று கேட்டாள். கண் திறந்ததும் முதலில் எதைப் பார்க்கும்?

"அதான மதினி முக்கியம். மொதப் பார்வை எது மேல விழுகுதோ, அதத்தான் அது காலத்துக்கும் காக்கும். அதனாலதான் மாட்டையும் கன்னையும் எதுத்தாப்புல நிறுத்துறது. நெல்லு, கண்ணாடி எல்லாம் வைக்கிறது."

"ரெண்டு பேரு நின்னா?"

"ரெண்டு பேருக்கும் பங்குதான்."

அம்மா திரும்பி என்னைப் பார்த்தாள்.

விடிந்ததும் கொட்டகை கழுவிவிடப்பட்டது. சித்தப்பா குளித்துத் திருநீறு பூசி வந்தார். கதிரம்மாவின் முன்னால் சித்தியின் பழைய கல்யாணப் புடவையைத் திரையாகக் கட்டினார்கள். படி நிறைய நெல். சுவரில் மாட்டுகிற கண்ணாடி. மாடும் கன்றும்தான் வரவில்லை. பக்கத்துத் தெருப் பால்காரம்மாவிடம் முந்தின நாளே சொல்லி, அவளும் சரி என்றிருந்தாள். காலையில் கொட்டகை வரைக்கும் தனியாக வந்தாள். கடல்சாமியையும் ஆந்தையையும் ஒரு பார்வை பார்த்தாள்.

"வெள்ளைக்காரச் சாமின்னு சொல்லவே இல்லையே நீங்க. அது எம் மாட்டப் பாத்து, பால் வத்திப் போச்சுன்னா நான் எங்குட்டுப் போவேன்?"

சித்தப்பா எவ்வளவோ சொல்லிப் பார்த்தார். இது அம்மன்தான், மதினி முகம்தான் என்றார். மதினி முகமாக இருந்தால் மதினியே பாலும் ஊற்றட்டும் என்று சொல்லிவிட்டு அவள் போய்விட்டாள். வேன் வருகிற நேரம் நெருங்கிக்கொண்டிருந்தது. சித்தப்பா கொஞ்ச நேரம் நின்று யோசித்தார். பிறகு எங்களைப் பார்த்தார். குளித்து, புதுப் பாவாடை கட்டி, நான் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"மாடும் கன்னும்னா என்னா? ஆத்தாளும் புள்ளையும்தானே. மதினி, நீங்க ரெண்டு பேரும் எதுத்தாப்புல நில்லுங்க. அது போதும்."

எனக்கு இது மிகவும் பிடித்துவிட்டது. அம்மாவை இழுத்துக்கொண்டு போய்த் திரைக்கு முன்னால் நின்றேன். சித்தி நெல்லையும் கண்ணாடியையும் எங்கள் பக்கத்தில் வைத்தாள். சித்தப்பா சின்ன உளியோடு திரைக்குள் போனார். வலது கண் முதலில். உளியின் மெல்லிய கீறல் சத்தம் வெளியே கேட்டது. இரண்டாவது கண்ணின் கீறல் தொடங்கியபோது அம்மா குனிந்து என் கையிலிருந்து தன் விரல்களை எடுத்தாள். நான் விடவில்லை. அவள் ஒவ்வொரு விரலாகப் பிரித்தாள்.

"எங்க போறீக?"

"என்னைய மாடுன்னுட்டாரு ஒங்க சித்தப்பா. எனக்கு வெக்கமா இருக்காதா? நீ நில்லுத்தா. கன்னு மட்டும் நின்னாப் போதும்."

"ரெண்டு பேரும் நிக்கணும்."

"நீ நேராப் பாரு. அங்க இங்க திரும்பாத."

என் தோளைப் பிடித்துச் சிலைக்கு நேராக நிறுத்தினாள். ஒருமுறை கொஞ்சம் இடது பக்கமாக நகர்த்தி, மறுபடி சரி பார்த்தாள். பிறகு திரையைச் சுற்றிக்கொண்டு போய்விட்டாள். "முடிஞ்சுச்சு" என்று உள்ளேயிருந்து சித்தப்பாவின் குரல் வந்தது. "ரெண்டு பேரும் நிக்கிறீகளா?" சித்தி எனக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தாள். அவள் முகத்தை நான் பார்க்கவில்லை. "நிக்குது, அவுத்து விடுங்க" என்று மட்டும் சொன்னாள்.

புடவை விழுந்தது. கதிரம்மா என்னைப் பார்த்தாள். இரண்டு கண்ணும் என்மேல்தான் இருந்தன. கண்ணாடியைப் பார்க்கவில்லை, நெல்லைப் பார்க்கவில்லை. நான் கை தூக்கிக் காட்டினேன். அம்மா எங்கே என்று தேடியபோது, சிலையின் பின்னால், அதன் பார்வை விழாத இடத்தில் அவள் நிற்பது தெரிந்தது. சிமெண்டுத் தோள்மேல் அவளுடைய வெளுத்த விரல்கள் மட்டும் தெரிந்தன. நெற்றியைச் சிலையின் முதுகில் வைத்திருந்தாள் போல, முகம் தெரியவில்லை.

"அம்மா, வாங்க. பாத்துட்டாக" என்று கூப்பிட்டேன். அவள் வந்ததிலிருந்து நான் அவளை அம்மா என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

அவள் வரவில்லை. விரல்கள் தோளை இன்னும் இறுக்கிப் பிடித்தன. சித்தப்பா உளியை வைத்துக்கொண்டு என்னையும் சிலைக்குப் பின்னாலும் மாறி மாறிப் பார்த்தார். அவர் எதையோ சொல்ல வாயெடுக்க, சித்தி வேண்டாம் என்று தலையசைத்தாள். எனக்கு ஒரே சிரிப்பு. பள்ளிக்கூடம் திறந்த முதல் நாள், அம்மா குவைத்துக்குத் திரும்பிப் போயிருந்தபோது, வகுப்பில் எல்லோரிடமும் சொல்லிச் சிரித்தேன். மாடாக நிற்க எங்கம்மாவுக்கு வெட்கம் என்று.